படியிறங்கிப் போனவரின் மகள்

என்னுடைய சாதிச் சான்றிதழ் இன்னமும் பீரோவில் இருக்கிறது. பிளஸ் டூ முடித்த கோடையில் அப்பா ஒரு திங்கட்கிழமை தாலுகா ஆபீசில் மனு கொடுத்தார். வியாழக்கிழமை கையில் வந்துவிட்டது. அப்பாவிடம் ஒரு ஃபைலே இருந்தது. தாத்தா பெயரில் நிலப் பத்திரம், அப்பாவின் எஸ்.எஸ்.எல்.சி. புத்தகம், அண்ணனுக்கு ஏற்கெனவே வாங்கிய சான்றிதழ் எல்லாம் அதில் வரிசையாக இருந்தன. உங்கள் சாமி எது, செத்தால் எரிப்பீர்களா புதைப்பீர்களா என்று யாரும் எங்களைக் கேட்கவில்லை. பி.சி. என்று எழுதி, முத்திரை குத்திக் கொடுத்தார்கள். அதை வைத்துத்தான் கல்லூரிக்குப் போனேன், பி.எட். படித்தேன், அரசுப் பள்ளியில் விலங்கியல் ஆசிரியையாக வேலைக்கு வந்தேன்.

பழனி மலையின் கீழ்ப்பகுதியில் ஒரு மேல்நிலைப் பள்ளியில் பதினோரு வருடம் இருந்தேன். காபி, மிளகு, ஆரஞ்சு, மலைவாழை விளைகிற ஊர்கள். அங்கேதான் பளியர் என்ற மலைப் பழங்குடி வீட்டுப் பிள்ளை ஒருத்திக்கு எஸ்.டி. சான்றிதழ் வாங்க அலைந்தோம். அவள் பெயரையும் ஊரையும் எழுதவில்லை. அவள் இப்போது படித்துக்கொண்டிருக்கிறாள், அந்தப் பழைய அலைச்சல் அவள் பெயரோடு ஒட்டிக்கொள்ள வேண்டாம்.

பிளஸ் டூவில் 600க்கு 462 எடுத்திருந்தாள். அவர்கள் குடியிருப்பில் பிளஸ் டூ வரை வந்த முதல் பெண். பி.எஸ்சி. நர்சிங் படிக்க வேண்டும் என்று பத்தாம் வகுப்பிலிருந்தே சொல்லிக்கொண்டிருந்தாள். பெயர்ப்பட்டியல் சரிபார்க்கும்போதுதான் பார்த்தேன், சாதிக் கட்டத்தில் 'பள்ளர் - எஸ்.சி.' என்று இருந்தது.

"என்னடி இது, நீ பளியர்தானே?" என்று கேட்டேன்.

"ஆமா டீச்சர்."

"அப்புறம் ஏன் இப்படி இருக்கு?"

"ஆறாப்பு சேரும்போது எழுதினாங்க டீச்சர்."

அவ்வளவுதான் நடந்திருக்கிறது. ஒன்று முதல் ஐந்து வரை மலையிலேயே அரசு பழங்குடியினர் உண்டு உறைவிடப் பள்ளியில் படித்தாள். ஆறாம் வகுப்புக்குக் கீழே இறக்கி ஹாஸ்டலில் சேர்த்தார்கள். அன்று யாரோ "என்ன ஆளுங்க?" என்று கேட்க, அவள் அப்பா "பளியர்" என்று மெதுவாகச் சொல்ல, எழுதியவர் காதில் "பள்ளர்" என்று விழுந்திருக்கிறது. அவருக்குத் தெரிந்த பெயரை எழுதிவிட்டார். எஸ்.சி. உதவித்தொகை வருடா வருடம் வந்தது. ஆறு வருடம் யாரும் கவனிக்கவில்லை. எனக்கும் அதில் பங்கு உண்டு. இரண்டு வருடம் அவள் என் வகுப்பில் இருந்தாள்.

இடம் எவ்வளவு குறைவு என்பதைச் சொன்னால்தான் இந்த ஒரு எழுத்துப் பிழையின் விலை புரியும். தமிழ்நாட்டில் 69 சதவீத இடஒதுக்கீட்டில் பி.சி.க்கு 26.5, பி.சி. முஸ்லிம்களுக்கு 3.5, எம்.பி.சி., சீர்மரபினருக்கு 20, எஸ்.சி.க்கு 18, அதற்குள் அருந்ததியருக்கு 3. எஸ்.டி.க்கு 1. 1990 வரை அந்த ஒன்றும் தனியாக இல்லை, எஸ்.சி., எஸ்.டி. இருவருக்கும் சேர்த்தே 18 இருந்தது. 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டுப் பழங்குடியினர் 7,94,697 பேர், மக்கள்தொகையில் ஒரு சதவீதத்துக்குச் சற்று மேல். கணக்குச் சரிதான். ஆனால் நூறு இடத்துக்கு ஒன்று என்றால், ஒரே ஒரு கள்ளச் சான்றிதழ் உள்ளே வந்தாலே அந்த நூறில் பழங்குடிப் பிள்ளைக்கு எதுவும் மிஞ்சாது.

கள்ளச் சான்றிதழ் வராமலும் இல்லை. பட்டியலில் உள்ள சில பழங்குடிப் பெயர்கள் சமவெளிச் சாதிப் பெயர்களை ஒட்டியே இருக்கின்றன. காட்டுநாயக்கன் பெயரும் கொண்டாரெட்டி பெயரும் அப்படித்தான். நீலகிரியில் குறும்பர் எஸ்.டி., அதுவும் பட்டியலிலேயே 'நீலகிரி மாவட்டத்தில்' என்று எல்லை போட்டிருக்கிறார்கள். சமவெளிக்கு வந்தால் அதே பெயரில் வேறு சமூகம். இந்தக் குழப்பத்தில் புகுந்தவர்கள் உண்டு. அதனால்தான் எஸ்.டி. சான்றிதழ் கொடுக்கும் அதிகாரத்தை 1989 நவம்பரில் தாசில்தாரிடமிருந்து எடுத்து ஆர்.டி.ஓ.விடம், அதாவது வருவாய்க் கோட்டாட்சியரிடம் கொடுத்தார்கள். பி.சி., எம்.பி.சி., எஸ்.சி. பிள்ளைகளுக்குத் தாலுகாவோடு முடிகிற வேலை, எஸ்.டி. பிள்ளைக்கு வி.ஏ.ஓ., ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்), தாசில்தார், ஆர்.டி.ஓ. என்று நாலு மேசை ஏறுகிறது. கூடுதல் சோதனை வேண்டாம் என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன். திருட்டுப் போகிற வீட்டுக்குப் பூட்டு வேண்டும். வீட்டுக்காரர் கையில் சாவி இருக்கிறதா என்பதுதான் என் கவலை.

சரி, மனு போடப் போனோம். இ-சேவை மையத்தில் அறுபது ரூபாய். முதலில் குடிமக்கள் கணக்கு எண், அதாவது கேன் நம்பர் வேண்டும். அதற்கு ஓ.டி.பி. வர வேண்டும். ஆதாரில் கொடுத்திருந்த செல் நம்பர் அவள் சித்தப்பாவுடையது, ரீசார்ஜ் செய்யாமல் செத்துப்போய் ஒரு வருடம் ஆகியிருந்தது. அதைச் சரிசெய்யவே இரண்டு முறை கீழே இறங்க வேண்டியிருந்தது. இறங்குவது என்றால் குடியிருப்பிலிருந்து பஸ் நிற்கும் இடத்துக்கு ஒன்றரை மணி நேர நடை, பிறகு பஸ். ஒரு நாள் கூலி போய்விடும்.

அடுத்தது சாதிப் பெயரைத் தேர்ந்தெடுப்பது. பட்டியலில் 'பள்ளேயன்', 'பள்ளியன்', 'பள்ளியர்' என்று மூன்று பெயர்கள் தனித்தனியாக நிற்கின்றன. அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்கிற 'பளியர்' அந்த எழுத்துக்கூட்டில் இல்லை. ஒரு மக்கள், மூன்று பெயர், மூன்றிலும் எழுத்து வேறு. குடியரசுத் தலைவர் ஆணையில் உள்ள பட்டியலை உள்ளபடியே படிக்க வேண்டும், இந்தப் பெயரும் அந்தப் பெயரும் ஒன்றுதான் என்று கீழே யாரும் விசாரித்துச் சேர்த்துக்கொள்ள முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2000இல் மிலிந்த் வழக்கில் சொல்லியிருக்கிறது. மகாராஷ்டிரத்தில் ஹல்பா கோஷ்டி என்ற சாதியினர் தாங்களும் ஹல்பா பழங்குடிதான் என்று கோரிய வழக்கு அது. அங்கே அந்தக் கண்டிப்புக்கு நியாயம் இருந்தது. இங்கே இ-சேவை மையத்துத் தம்பி மவுஸைப் பிடித்துக்கொண்டு, "டீச்சர், இதுல எது?" என்று கேட்கிறார். அவள் அப்பாவைப் பார்த்தேன். அவர் திரையைப் பார்த்தார். "நாங்க பளியரு" என்றார். 'பள்ளியர்' என்பதைத் தொட்டோம்.

பெற்றோரின் சாதிச் சான்றிதழ் என்ற கட்டத்தில் வைக்க எதுவுமில்லை. அப்பா மூன்றாம் வகுப்போடு நின்றவர், அம்மா பள்ளிக்கே போகவில்லை. சான்றிதழ் என்பது அப்பாவிடமிருந்து பிள்ளைக்கு இறங்குகிற சொத்து மாதிரி இருக்கிறது. முதல் தலைமுறையில் யாரிடமிருந்து இறங்கும்?

மே மாதம் மனு போட்டது. ஜூன் நடுவில் விசாரணைக்கு வரச் சொன்னார்கள். அந்த நாளை மட்டும் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

அவளும் அப்பாவும் அப்பத்தாவும் விடிவதற்கு முன்பே கிளம்பி வந்திருந்தார்கள். நான் பஸ் ஸ்டாண்டில் சேர்ந்துகொண்டேன். அப்பா வெள்ளைச் சட்டை போட்டிருந்தார், மடிப்புக் கோடு கலையாத புதுச் சட்டை. அலுவலகம் மாடியில். பதினொன்றரைக்குக் கூப்பிட்டார்கள். அப்பத்தாவை வெளியே பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டார்கள்.

விசாரித்தவர் ஃபைலைப் பார்த்ததும் முதல் கேள்வியே, "இத்தனை வருஷம் எஸ்.சி.னு ஸ்காலர்ஷிப் வாங்கிட்டு இப்ப எஸ்.டி.னு ஏன் மாத்துறீங்க?" என்பதுதான். நான் விளக்கினேன். "நீங்க சும்மா இருங்க டீச்சர், அவங்க சொல்லட்டும்" என்றார். பிறகு பிள்ளையிடம் கேட்க ஆரம்பித்தார். உங்க குலசாமி எது? கல்யாணம் எப்படி நடக்கும்? செத்தவங்களை என்ன செய்வீங்க? வீட்ல என்ன பாஷை?

அவள் ஆறு வயதிலிருந்து ஹாஸ்டலில் வளர்ந்தவள். காலையில் 'தமிழ்த்தாய் வாழ்த்து', மாலையில் ஸ்டடி, ஞாயிற்றுக்கிழமை துணி துவைப்பது, அவளுக்குத் தெரிந்த சடங்கு அதுதான். படிக்க வை என்று சொன்னோம், படித்தாள். படித்ததால் காட்டை விட்டு விலகினாள். விலகியதால் பதில் தெரியவில்லை. சாமி பேர் மட்டும் "பளிச்சியம்மன்" என்றாள். அதற்கு மேல் வாய் வரவில்லை. கை விரல் நகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

அவர் குரலை உயர்த்தினார். "தெரியலைன்னா எப்படிம்மா? சொந்தச் சாதியோட பழக்கம் தெரியாதா?" அப்புறம் அப்பாவின் பக்கம் திரும்பி, "நீயாச்சும் வாயத் தொறந்து பேசுய்யா" என்றார்.

அவள் அப்பா எழுந்தார். நாற்காலியை ஓசையில்லாமல் உள்ளே தள்ளினார். தோளில் இருந்த துண்டை எடுத்துக் கையில் மடித்துக்கொண்டார். ஒரு வார்த்தை பேசவில்லை, கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. கதவைத் தாண்டிப் படியிறங்கிப் போய்விட்டார். நான் பின்னாலேயே ஓடினேன். தெருவில் கண்ணில் படவில்லை. பஸ்ஸுக்கும் வரவில்லை. நடந்தே மலையேறி ராத்திரி வீடு சேர்ந்தார் என்று மறுநாள்தான் தெரிந்தது.

அன்று எனக்கு அவர் மேல்தான் கோபம் வந்தது. மகளுக்காகக் கொஞ்சம் பொறுத்திருக்கக் கூடாதா என்று நினைத்தேன். அப்பத்தாவிடம் அதைச் சொல்லவும் செய்தேன். அவர் வெற்றிலையை மென்றுகொண்டே, "சத்தம் போட்டா நாங்க எந்திரிச்சுப் போயிருவோம் டீச்சரம்மா. இருந்தா சண்டையில்ல வரும்" என்றார்.

பிறகுதான் தேடிப் படித்தேன். பீட்டர் கார்ட்னர் என்ற அமெரிக்க மானிடவியலாளர் 1960களில் பளியர்களோடு தங்கி ஆய்வு செய்தவர். யாரையும் அவமதிக்காமல் இருப்பதும், தகராறு மூளும் என்று தெரிந்தால் இடத்தை விட்டு விலகிவிடுவதும் அவர்கள் வாழ்க்கையின் அடிப்படை என்பதை விரிவாக எழுதியிருக்கிறார். உலகில் சண்டையை ஒதுக்கி வாழும் சமூகங்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் பளியர்களைத் தவறாமல் குறிப்பிடுகிறார்கள். அந்த மேசைக்கு முன்னால் அவள் அப்பா செய்தது அதைத்தான். பளியர் என்பதற்கு அடையாளம் கேட்டார்கள், அவர் அறியாமலே காட்டிவிட்டுப் போனார். குறிப்பில் ஏறியது 'மனுதாரர் தரப்பு விசாரணைக்கு ஒத்துழைக்கவில்லை' என்ற வரி.

விசாரித்தவரைக் கெட்டவர் என்று எழுத எனக்கு மனமில்லை. முன்பு ஒரு சான்றிதழில் கையெழுத்துப் போட்டு, அது போலி என்று தெரிந்து விளக்கம் கேட்கப்பட்டவர் என்று பிறகு சொன்னார்கள். பயந்தவர் எல்லோரையும் சந்தேகப்படுவார். ஆனால் அவர் பயத்துக்கான விலையைக் கட்டியது இந்தப் பிள்ளை.

இந்தக் கேள்விகள் எங்கிருந்து வருகின்றன என்று கேட்டால், 1994 செப்டம்பர் 2 அன்று வந்த மாதுரி பாட்டீல் தீர்ப்பைக் காட்டுவார்கள். மகாராஷ்டிரத்தில் மகாதேவ் கோலி என்ற பழங்குடிப் பெயரில் சான்றிதழ் பெற்றுத் தொழிற்கல்வி இடம் வாங்கிய சகோதரிகளின் வழக்கு. போலிகளைத் தடுக்க உச்ச நீதிமன்றம் பதினைந்து நெறிமுறைகள் வகுத்தது. குலதெய்வம், சடங்கு, திருமண முறை, ஈமச்சடங்கு எல்லாவற்றையும் விசாரிக்கச் சொன்னது அந்தத் தீர்ப்புதான். நம் மாநிலத்தில் எஸ்.டி. சான்றிதழின் மெய்த்தன்மையைப் பார்க்கும் மாநில அளவிலான கூர்நோக்குக் குழுவுக்கும் மூலம் அதுதான்.

ஆனால் தீர்ப்பை முழுக்கப் படித்தால் வேறு சிலவும் இருக்கின்றன. விசாரிக்கிற அதிகாரி அந்தக் குடும்பம் வசிக்கிற இடத்துக்கும், பூர்வீக இடத்துக்கும் நேரில் போக வேண்டும் என்கிறது. சரிபார்ப்புக்கான மனுவைக் கல்லூரிச் சேர்க்கைக்கு ஆறு மாதம் முன்பே கொடுக்க வேண்டும் என்கிறது. விசாரணை இழுத்துக்கொண்டு சேர்க்கைக்குக் கடைசி நாள் நெருங்கினால், கையில் இருக்கிற சான்றிதழையோ உறுதிமொழிப் பத்திரத்தையோ வைத்துச் சேர்த்துக்கொள்ளலாம், முடிவு பிறகு வருவதைப் பொறுத்தது என்கிறது. கேள்வி கேட்கும் பகுதி மட்டும் மலையடிவாரம் வரை நன்றாக வந்து சேர்ந்திருக்கிறது. நடந்து போகச் சொன்ன பகுதி வரவில்லை.

சடங்குக் கேள்விகளைப் பற்றியும் நீதிமன்றமே பிறகு தெளிவாகப் பேசியது. 2011இல் ஆனந்த் வழக்கில், இடம்பெயர்வும் நவீன வாழ்க்கையும் வந்த பிறகு ஒருவர் தன் பழங்குடியின் பழைய பழக்கங்களை அப்படியே காட்ட முடியாமல் போகலாம், அதை மட்டும் வைத்துத் தள்ளிவிடக் கூடாது என்றது. 2023 மார்ச் 24இல் மூன்று நீதிபதிகள் அமர்வு, சடங்கும் பழக்கமும் பழங்குடியோடு பொருந்துகின்றனவா என்று பார்க்கிற இந்த ஒட்டுறவுச் சோதனையே முடிவான உரைகல் ஆகாது என்று மறுபடியும் உறுதி செய்தது. பழைய பதிவேடுகளுக்குத்தான் கூடுதல் மதிப்பு. நான் வக்கீல் இல்லை, விலங்கியல் டீச்சர். அந்த ஜூலையில் ராத்திரி ராத்திரியாக உட்கார்ந்து இதையெல்லாம் படித்து, முதல் வகுப்புச் சேர்க்கைப் பதிவேட்டின் நகலையும் வைத்து ஒரு மனு எழுதினேன். உண்டு உறைவிடப் பள்ளியின் அந்தப் பதிவேட்டில், நீல மையில், தெளிவாக 'பளியர் - எஸ்.டி.' என்று இருந்தது. பக்கத்தில் அவள் அப்பாவின் கைநாட்டு. பெருவிரல் ரேகையின் நடுவில் ஒரு வெட்டுத் தழும்புக் கோடு.

அதற்குள் நர்சிங் கவுன்சிலிங் முடிந்துவிட்டது. சாதிச் சான்றிதழ் இணைக்காததால் ஓ.சி.யாகவே எடுத்துக்கொண்டார்கள். 462க்கு ஓ.சி.யில் அரசுக் கல்லூரி கிடைக்காது. அவள் அழவில்லை. "பரவால்ல டீச்சர்" என்று சொல்லிவிட்டு, அப்பாவோடு தோட்டத்தில் களை வெட்டப் போய்விட்டாள். எனக்குத்தான் அந்த வாரம் முழுக்க வகுப்பு எடுக்க முடியவில்லை.

மனுவுக்குப் பலன் ஆகஸ்டில் வந்தது. ஒரு ஆர்.ஐ., வேலைக்குச் சேர்ந்து இரண்டு வருடம்கூட ஆகாத இளைஞர், மறு விசாரணைக்கு நேரில் போகிறேன் என்று போன் செய்தார். நானும் கூடப் போனேன். மழை பெய்து ஓய்ந்திருந்தது, அட்டை கடித்துக்கொண்டே இருந்தது. மேலே போனதும் அவர் ஷூவைக் கழற்றி வைத்துவிட்டு அப்பத்தாவின் பக்கத்தில் திண்ணையில் உட்கார்ந்தார். கேள்வித்தாளை எடுக்கவே இல்லை. "உங்க கூடப் பொறந்தவங்க எத்தனை பேர் பாட்டி?" என்று ஆரம்பித்தார்.

இரண்டு மணி நேரம் அப்பத்தா பேசினார். யார் யாருக்கு யார் பிள்ளை, யார் எந்தக் காட்டுக்குப் போனார், யார் தேனெடுக்கப் போய்ப் பாறையிலிருந்து விழுந்தார், யார் எந்தத் தோட்டத்தில் தங்கிவிட்டார் என்று அடுக்கினார். ஆர்.ஐ. முழங்கால் மேல் தாளை வைத்து வம்சாவளியை வரைந்துகொண்டே போனார். மூலையில் பெருந்தேன் எடுக்கிற கொடிக்கயிறு சுருட்டிக் கிடந்தது. வள்ளிக்கிழங்கு அவித்துக் கொடுத்தார்கள், அதைத் தின்றுகொண்டே எழுதினார். பேச்சுவாக்கில், பக்கத்துத் தாலுகாவில் இருக்கிற கொழுந்தன் பேரன் போலீசில் இருப்பதாக அப்பத்தா சொன்னார். ஆர்.ஐ. நிமிர்ந்தார். போலீசில் இருந்தால் சான்றிதழ் இருக்கும்.

தேடியதில் அந்த வம்சத்தில் மூன்று பேருக்குச் சான்றிதழ் கிடைத்தது. ஒன்றில் பள்ளேயன், ஒன்றில் பள்ளியன், ஒன்றில் பள்ளியர். மூவரும் ஒரே கொள்ளுத்தாத்தாவின் வழி. வம்சாவளித் தாளோடு மூன்று நகல்களையும் வைத்து, முதல் வகுப்புப் பதிவேட்டையும் சேர்த்து, மூன்று பக்க அறிக்கை எழுதி அனுப்பினார் அந்தப் பையன். செப்டம்பர் கடைசியில் சான்றிதழ் வந்தது.

பிரிண்ட் எடுத்துக்கொண்டு நானே மேலே போனேன். அப்பத்தா வாங்கிப் பார்த்துவிட்டு, "எங்க பேரு இருக்கா?" என்று கேட்டார். பள்ளியர் என்று போட்டிருக்கிறது என்றேன். "பளியரு" என்று திருத்தினார். நான் ஒன்றும் சொல்லவில்லை. அவள் அப்பா கையைத் துண்டில் துடைத்துவிட்டு அதை வாங்கி, ஓலைச் செருகலுக்குள் வைத்திருந்த பிளாஸ்டிக் டப்பாவில் மடிக்காமல் வைத்தார்.

அந்த வருடம் அவள் காபிப் பழம் எடுத்தாள். அடுத்த வருடம் அதே மதிப்பெண்ணுக்கு அரசுக் கல்லூரியில் நர்சிங் இடம் கிடைத்தது. இப்போது இரண்டாம் ஆண்டு. முதல் நாள் வார்டுக்குப் போனபோது போன் செய்து, சுகரோடு வந்த ஒரு மலைக்காரப் பாட்டிக்குத் தானே ரத்தம் எடுத்ததாகச் சொன்னாள்.

ஒரு வருடம் போனது போனதுதான். அதே மலையில் புலையர் குடியிருப்புகளும் இருக்கின்றன, அவர்கள் எஸ்.சி. பட்டியலில். பக்கத்துப் பக்கத்து வீடு, அதே கூலி, அதே நடை, ஆனால் அவர்கள் பிள்ளைக்குத் தாலுகாவிலேயே முடிகிறது. எஸ்.டி. பிள்ளைக்குக் கூடுதல் சோதனை இருக்கட்டும், அதைப் பதினெட்டு வயதில், கவுன்சிலிங்குக்கு மூன்று வாரம் இருக்கும்போது ஏன் வைக்க வேண்டும்? உண்டு உறைவிடப் பள்ளியில் ஒன்றாம் வகுப்புச் சேரும் அன்றே, அப்பா, அம்மா, அப்பத்தா எல்லாம் கூட வந்து நிற்கிற அந்த நாளிலேயே வருவாய்த் துறை அங்கே வந்து உட்காரலாம். ஐந்து வயதுப் பிள்ளையிடம் யாரும் ஈமச்சடங்கு கேட்க மாட்டார்கள். பன்னிரண்டு வருடம் அவகாசம் இருக்கிறது, எவ்வளவு வேண்டுமானாலும் கூர்ந்து நோக்கட்டும். போலிச் சான்றிதழ் வாங்க நினைக்கிறவர் பிள்ளையை அந்தப் பள்ளியில் ஒன்றாம் வகுப்பிலிருந்து சேர்த்துக் கிழங்கு தின்ன விடப்போவதில்லை.

நான் இப்போது மாறுதலாகிக் கீழே வந்துவிட்டேன். ஆனாலும் மாதம் ஒரு சனிக்கிழமை அந்தப் பக்கம் போகிறேன். அவள் தம்பி ஏழாம் வகுப்பு. அவனுக்கு அக்காவின் சான்றிதழை வைத்து ஒன்றரை மாதத்தில் வாங்கிவிட்டோம். குடியிருப்பில் இன்னும் ஒன்பது பிள்ளைகளுக்கு இல்லை. ஆர்.ஐ. வரைந்த அந்த வம்சாவளித் தாளை ஜெராக்ஸ் எடுத்து வைத்திருக்கிறேன். ஒன்பதில் ஆறு பேர் அதில் வருகிறார்கள். மற்ற மூன்று பேருக்கு அப்பத்தாவிடம் மறுபடி உட்கார்ந்து கேட்க வேண்டும், அவருக்கு இப்போது காது கொஞ்சம் மந்தம். வரும் சனிக்கிழமை கேன் நம்பர் போடப் போகிறோம். ஓ.டி.பி. வருவதற்கு ரீசார்ஜ் செய்த போன் இரண்டு கையில் இருக்கிறது. பஸ் நிற்கும் இடத்துக்கு மேலே ஒரு வளைவு வரைக்கும் சிக்னல் கிடைக்கும், பிள்ளைகளை அங்கே வரச் சொல்லியிருக்கிறேன்.